மின்னூல் தயாரிக்க மேக்: ஷெல் ஸ்கிரிப்டிலிருந்து மாறுவது எப்படி?

ஏட்டுச்சுவடி (கேள்வி)

வணக்கம். 24 அத்தியாயங்கள் உள்ள தமிழ் நூல் ஒன்று மார்க்டவுன் கோப்புகளாக இருக்கிறது. பாண்டாக் என்ற கோப்பு மாற்றி வழியாக இபப், பிடிஎஃப் இரண்டும் எடுக்க வேண்டும். அதற்கு முன் 60 பிஎன்ஜி படங்களை இமேஜ்மேஜிக் என்ற படக் கருவியில் சிறிதாக்கி ஜேபிஜி ஆக்க வேண்டும். இப்போது இவை அத்தனையும் ஒரே ஷெல் ஸ்கிரிப்டில் இருக்கின்றன. ஒரு ஒற்றுப்பிழையைத் திருத்தினாலும் 60 படங்களும் முதலிலிருந்து ஓடுகின்றன.

இதற்கு மேக் (எழுத்து எம், ஏ, கே, ஈ; ஆப்பிள் கணினி அல்ல) என்ற கட்டளைவரிக் கருவியைப் பயன்படுத்தலாம் என்று படித்தேன். அது சி நிரல்களைக் கம்பைல் செய்வதற்கானது என்றுதான் நினைத்திருந்தேன். நூல் வேலைக்குச் சரிவருமா? குறைந்தபட்சம் என்ன எழுதினால் ஓடும்? நான் உபுண்டு, மெய்ப்பு பார்ப்பவர் மேக்ஓஎஸ். இருவரிடமும் ஓட வேண்டும்.

---

கட்டளைவரி

தாராளமாகச் சரிவரும். மேக்குக்கு சி மொழி பற்றி அக்கறை இல்லை. எந்தக் கோப்பு எந்தக் கோப்பிலிருந்து பிறக்கிறது, அதற்கான கட்டளை என்ன என்று சொல்லிவிட்டால் போதும். விளைவுக் கோப்பு இல்லாவிட்டாலோ, மூலக் கோப்பின் நேரமுத்திரை அதைவிடப் புதிதாக இருந்தாலோ கட்டளையை ஓட்டும், இல்லாவிட்டால் தொடாது. 1976-இல் பெல் ஆய்வகத்தில் ஸ்டூவர்ட் ஃபெல்ட்மன் எழுதியது இன்றும் இந்த ஒரே விதியில்தான் நிற்கிறது.

ஆகவே ஸ்கிரிப்டை அப்படியே வெட்டி ஒட்டாதீர்கள். ஸ்கிரிப்ட் "முதலில் இது, பிறகு அது" என்று வரிசை சொல்லும். மேக் படிக்கும் விதிக் கோப்பான மேக்ஃபைலில் வரிசை கிடையாது, "இதற்கு அது வேண்டும்" என்ற சார்பு மட்டும்தான்.

உபுண்டுவில் மேக் இல்லையென்றால் "சூடோ ஆப்ட் இன்ஸ்டால் மேக்". மேக்ஓஎஸ்ஸில் எக்ஸ்கோடின் கட்டளைவரிக் கருவிகளோடு வரும், ஆனால் அது 3.81 பதிப்பு, 2006-இல் வெளியானது. அதன்பின் வந்த பதிப்புகள் ஜிபிஎல் 3 உரிமத்துக்கு மாறியதால் ஆப்பிள் அங்கேயே நின்றுவிட்டது. மெய்ப்பு பார்ப்பவர் மென்பொருள் நிறுவும் கருவியான ஹோம்ப்ரூவில் புதியதை நிறுவிக்கொள்ளட்டும். நிறுவியபின் கட்டளையின் பெயர் மேக் அல்ல, "ஜிமேக்". பெயரைக் கவனிக்காமல் பழையதையே ஓட்டிவிட்டு, இந்த ஆப்ஷன் இல்லையே என்று தேடுவார்கள்.

திட்டத்தின் மேல் அடைவில் "மேக்ஃபைல்" என்ற பெயரில் (முதலெழுத்து பெரியது, பின்னொட்டு கிடையாது) கீழே உள்ளதை வையுங்கள். இங்கே எல்லாவற்றையும் ஒலிப்படி தமிழில் எழுதியிருக்கிறேன், தட்டும்போது கட்டளைகளும் பின்னொட்டுகளும் ஆங்கில எழுத்தில் இருக்க வேண்டும். புள்ளியில் தொடங்கும் முதல் இரண்டு பெயர்களும் முழுக்கப் பெரிய எழுத்து.

```
.ஃபோனி: எல்லாம் துடை
.டிலீட்_ஆன்_எரர்:

அத்தி := $(சார்ட் $(வைல்டுகார்டு மூலம்/*.எம்டி))
பிஎன்ஜி := $(வைல்டுகார்டு படம்/*.பிஎன்ஜி)
ஜேபிஜி := $(பிஎன்ஜி:படம்/%.பிஎன்ஜி=வெளி/%.ஜேபிஜி)

எல்லாம்: வெளி/நூல்.இபப் வெளி/நூல்.பிடிஎஃப்

வெளி/நூல்.இபப்: $(அத்தி) $(ஜேபிஜி) தகவல்.யாமல் | வெளி
	பாண்டாக் --மெட்டாடேட்டா-ஃபைல்=தகவல்.யாமல் -ஓ $@ $(அத்தி)

வெளி/நூல்.பிடிஎஃப்: $(அத்தி) $(ஜேபிஜி) தகவல்.யாமல் | வெளி
	பாண்டாக் --மெட்டாடேட்டா-ஃபைல்=தகவல்.யாமல் --பிடிஎஃப்-எஞ்சின்=ஸீலாடெக் -ஓ $@ $(அத்தி)

வெளி/%.ஜேபிஜி: படம்/%.பிஎன்ஜி | வெளி
	கன்வெர்ட் $< -பேக்கிரவுண்ட் ஒயிட் -ஃபிளாட்டன் -ரீசைஸ் '1200>' -குவாலிட்டி 85 $@

வெளி:
	எம்கேடிர் -பி $@

துடை:
	ஆர்எம் -ஆர்எஃப் வெளி
```

தகவல்.யாமல் என்பது நூலைப் பற்றிய விவரங்களை வைத்திருக்கும் கோப்பு. $@ என்பது இலக்குக் கோப்பு, $< என்பது முதல் சார்பு. % குறி பெயரின் பொதுப் பகுதி: ஒரே விதி 60 படங்களுக்கும் பொருந்தும், ஒரு படம் மாறினால் அது மட்டும் ஓடும். வெறுமே "மேக்" என்று அடித்தால் கோப்பில் முதலாவதாக வரும் இலக்கு ஓடும். புள்ளியில் தொடங்குபவை அந்தக் கணக்கில் வராது, அதனால் இங்கே "எல்லாம்" ஓடும்.

முதல் முறை ஓட்டும் முன் "மேக் -என்" அடித்துப் பாருங்கள். என்னென்ன கட்டளைகள் ஓடும் என்று அச்சிடும், எதையும் ஓட்டாது.

சில இடங்களில் விளக்கம் வேண்டும்.

சார்ட் ஏன்? 3.82 முதல் சில பதிப்புகளில் வைல்டுகார்டு தரும் பட்டியல் அகரவரிசையில் வராது. 4.3-இல்தான் மீண்டும் வரிசைப்படுத்தத் தொடங்கினார்கள். உங்கள் இருவரிடமும் வெவ்வேறு பதிப்பு என்பதால், சார்ட் இல்லாவிட்டால் ஒருவரிடம் அத்தியாயங்கள் இடம் மாறி வரலாம். கோப்புப் பெயர்கள் 01, 02 … 24 என்று இரண்டிலக்கமாக இருக்கட்டும். 1, 2, 10 என்றிருந்தால் 1-க்கு அடுத்து 10 வந்து நிற்கும்.

நிமிர்ந்த கோட்டுக்கு (|) வலப்பக்கம் இருப்பது "இருந்தால் போதும், நேரம் பார்க்காதே" என்ற சார்பு. அடைவைச் சாதாரணச் சார்பாக எழுதினால், அதற்குள் ஒரு படம் விழுந்தவுடன் அடைவின் நேரமுத்திரை மாறும், மற்ற 59 படங்களும் பழையதாகிவிடும். உங்கள் இப்போதைய தலைவலி புது வேடத்தில் திரும்பும்.

'1200>' என்பதைச் சுற்றிய ஒற்றை மேற்கோள் கட்டாயம். 1200 பிக்சலைவிட அகலமானதை மட்டும் சுருக்கு என்று அதற்குப் பொருள். மேற்கோள் இல்லாவிட்டால் ஷெல் அந்த > குறியைத் திசைதிருப்பலாக எடுத்துக்கொள்ளும்: அடுத்துள்ள -குவாலிட்டி என்ற பெயரில் ஒரு வேண்டாத கோப்பு உருவாகும், கன்வெர்ட் பிழை காட்டும். பிழையோடு நிற்கும் கட்டளை அரைகுறையான ஜேபிஜியை விட்டுச் செல்லலாம். அடுத்த முறை மேக் வந்து பார்த்தால் கோப்பு இருக்கிறது, நேரமும் புதிது, ஆகவே முடிந்த வேலை என்று கடந்துவிடும். இந்த மாதிரி அரைகுறைக் கோப்புகளை அழிக்கத்தான் மேலே டிலீட் ஆன் எரர் வரி. ஒரு திட்டத்திலும் அதை விடாதீர்கள்.

ஃபிளாட்டன் எதற்கு என்றால், பின்னணி ஊடுருவும் பிஎன்ஜியை ஜேபிஜி ஆக்கும்போது வெறுமையான பகுதி கறுப்பாகிவிடும். வெள்ளைப் பின்னணியில் படியவைப்பது அதைத் தடுக்கும். இமேஜ்மேஜிக் 7 என்றால் கட்டளை "மேஜிக்", 6 என்றால் "கன்வெர்ட்". இதையும் ஒரு மாறியாக வைத்துக்கொள்ளலாம்.

---

சிறுபொறி

மேலே சொன்னதோடு, புதிதாக வருபவர்கள் முட்டிக்கொள்ளும் இடங்கள் சில.

முதலாவது டேப். கட்டளை வரி ஒவ்வொன்றும் டேப் எழுத்தில் தொடங்க வேண்டும், வெற்றிடங்கள் எத்தனை வைத்தாலும் செல்லாது. இணையப் பக்கத்திலிருந்து நகல் எடுத்தால் பெரும்பாலும் டேப் வெற்றிடமாகித்தான் வரும். "மிஸ்ஸிங் செபரேட்டர்" என்று வரி எண்ணோடு பிழை வந்தால் வேறெதையும் தேடாமல் இதைப் பாருங்கள். லினக்ஸில் "கேட் -ஏ" (பெரிய ஏ) அடித்தால் டேப் இருக்கும் இடத்தில் தொப்பிக்குறியும் பெரிய ஐ எழுத்தும் தெரியும். மேக்ஓஎஸ்ஸில் "கேட் -இடி". ஃபெல்ட்மனே இந்த டேப் விதியை மாற்ற நினைத்திருக்கிறார், அதற்குள் ஒரு டஜன் பேர் பயன்படுத்தத் தொடங்கிவிட்டதால் அவர்களுடைய கோப்புகள் உடையக் கூடாதென்று விட்டுவிட்டார். அந்த டஜன் பேருக்காக உலகமே டேப் அடிக்கிறது.

இரண்டாவது, ஒவ்வொரு கட்டளை வரியும் தனி ஷெல்லில் ஓடும். ஒரு வரியில் "சிடி மூலம்" என்று எழுதி அடுத்த வரியில் பாண்டாக் அழைத்தால், அது பழைய அடைவிலேயே நிற்கும். இரண்டையும் && போட்டு ஒரே வரியாக்க வேண்டும். வரி நீண்டால் கடைசியில் \ போட்டு மடியுங்கள். அந்த \ குறிக்குப் பின் ஒரு வெற்றிடம் ஒட்டிக்கொண்டாலும் மடிப்பு வேலை செய்யாது, கண்ணுக்கும் தெரியாது.

மூன்றாவது $ குறி. ஷெல் மாறியையோ, ஆக் என்ற உரைக் கருவியின் $1-ஐயோ கட்டளை வரியில் எழுதும்போது $$ என்று இரட்டிக்க வேண்டும். ஒற்றை $ போட்டால் மேக் அதைத் தன் மாறி என்று எண்ணி வெறுமையாக்கிவிடும். பிழை எதுவும் வராது, விளைவு மட்டும் தப்பாக இருக்கும்.

நான்காவது, மேக் இயல்பாக எடுக்கும் ஷெல் பேஷ் அல்ல, எஸ்எச். உபுண்டுவில் அது டேஷ். உங்கள் ஸ்கிரிப்டில் இரட்டைச் சதுர அடைப்பு, அர்ரே போன்றவை இருந்தால் இங்கே உடையும். மேக்ஃபைலின் தலையில் "ஷெல் := /பின்/பேஷ்" என்று வைத்தால் தீர்ந்தது (ஷெல் பெரிய எழுத்தில்).

ஐந்தாவது, "துடை" என்ற பெயரில் உண்மையிலேயே ஒரு கோப்போ அடைவோ இருந்துவிட்டால் மேக் "ஏற்கெனவே தயார்" என்று சொல்லி நகரும். ஃபோனி பட்டியலில் சேர்ப்பது அதற்காகத்தான். கோப்பை உண்டாக்காத இலக்கு ஒவ்வொன்றும் அந்தப் பட்டியலில் இருக்கட்டும்.

துடை விதியில் அடைவுப் பெயரை நேராக எழுதியிருப்பதும் நல்லது. அங்கே ஒரு மாறியைப் போட்டு அதன் பின்னால் / வைத்தால், மாறி காலியான நாளன்று ஆர்எம் எங்கே போய் நிற்கும் என்று யோசித்துக்கொள்ளுங்கள்.

இன்னொன்று, கோப்புப் பெயர்களில் வெற்றிடம் கூடாது. மேக் வெற்றிடத்தில் பெயரை இரண்டாக வெட்டிவிடும், மேற்கோளுக்குள் வைத்தாலும் பலனில்லை. தமிழ்ப் பெயர்கள் பெரும்பாலும் ஓடும், ஆனால் உங்கள் விஷயத்தில் நான் தவிர்ப்பேன். "கொ" என்பதிலுள்ள உயிர்க்குறியை யூனிகோடில் ஒரே குறியாகவும் எழுதலாம், கொம்பும் காலுமாக இரண்டு குறியாகவும் எழுதலாம். திரையில் இரண்டும் ஒன்றுபோலவே தெரியும், மேக் பைட்டுகளை ஒப்பிடுவதால் அதற்கு அவை இரண்டு பெயர்கள். ஒருவர் உபுண்டு, மற்றவர் மேக்ஓஎஸ் என்றால் இந்தப் பூதம் கிளம்ப எல்லா வாய்ப்பும் உண்டு. நூலின் உள்ளே தமிழ், கோப்புப் பெயரில் ஆங்கில எழுத்தும் எண்ணும்.

---

வேறுவழி

மேக்தான் வேண்டும் என்றில்லை. "ஜஸ்ட்" என்று ரஸ்டில் எழுதிய கருவி இருக்கிறது. டேப் கட்டாயமில்லை, ஃபோனி தேவையில்லை, கட்டளைக்குத் தனி அளவுருக்கள் கொடுக்கலாம், "ஜஸ்ட் --லிஸ்ட்" அடித்தால் என்னென்ன பணிகள் உண்டு என்று குறிப்போடு காட்டும். 1970-களின் வினோதங்களைப் புதியவர் ஏன் சுமக்க வேண்டும்?

---

கட்டளைவரி

ஜஸ்ட் நல்ல கருவிதான், ஆனால் கேட்டவரின் பிரச்சினைக்கு அது மருந்தல்ல. ஜஸ்ட் கோப்பின் நேரமுத்திரையைப் பார்ப்பதில்லை. பணியைச் சொன்னால் ஓட்டும், அவ்வளவுதான். 60 படங்களும் ஒவ்வொரு முறையும் ஓடும். சர்வரை ஏற்று, சோதனையை ஓட்டு, வலைத்தளத்துக்கு அனுப்பு என்பது போன்ற பணிகள் என்றால் நானும் ஜஸ்ட் என்றுதான் சொல்வேன்.

நடுவழி வேண்டுமென்றால் "டாஸ்க்" என்ற கோ மொழிக் கருவி. யாமலில் எழுதலாம், மூலக் கோப்புகளின் செக்சம் (உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடும் அடையாள எண்) மாறியிருக்கிறதா என்று பார்த்து ஓட்டும். பதிப்புகளைப் பராமரிக்கும் கிட் கருவியில் கிளை மாற்றும்போது உள்ளடக்கம் மாறாமலே நேரமுத்திரை மாறி மேக் வீணாக ஓடுவது உண்டு, அங்கே டாஸ்க் சாமர்த்தியம். ஆனால் ஒரு பிஎன்ஜிக்கு ஒரு ஜேபிஜி என்ற % விதியின் சுருக்கம் அதில் வராது.

---

ஏட்டுச்சுவடி

நன்றி. படங்களும் இபப்பும் சரியாக வருகின்றன, இரண்டாம் முறை ஓட்டினால் "செய்ய எதுவுமில்லை" என்கிறது. மூன்று சிக்கல்கள் மிச்சம். பிடிஎஃப்பில் கொம்பு எழுத்துக்குப் பின்னால் போய் நிற்கிறது, இடையே வரும் ஆங்கிலச் சொற்களைக் காணவே இல்லை. மேக்ஃபைலில் பாண்டாக்கின் ஆப்ஷனை மாற்றினாலும் பிடிஎஃப் மீண்டும் உருவாகவில்லை. $(அத்தி) என்று நீளமாக எழுதுவதற்குப் பதில் $^ போட்டால் எல்லாச் சார்புகளும் வரும் என்று படித்து மாற்றினேன், பாண்டாக் யுடிஎஃப்-8 பிழை காட்டுகிறது.

---

எழுத்துருவி

பிடிஎஃப் சிக்கல் மேக்கைச் சேர்ந்ததல்ல, பிடிஎஃப்பை உருவாக்கும் அச்சுக்கோப்பு மென்பொருளான லாடெக்கைச் சேர்ந்தது. ஸீலாடெக் எடுத்தது சரி. பாண்டாக் இயல்பாக எடுக்கும் பிடிஎஃப்லாடெக்குக்குத் தமிழ் எழுத்தே புரியாது. ஆனால் ஸீலாடெக்குக்கும் இது எந்த எழுத்துமுறை என்று சொன்னால்தான் கொம்பை முன்னால் கொண்டுவரும் விதிகள் இயங்கும். தகவல்.யாமல் கோப்பில் "மெயின்ஃபான்ட்" என்பதற்கு நோட்டோ செரிஃப் தமிழ் என்றும், "மெயின்ஃபான்ட்ஆப்ஷன்ஸ்" என்பதற்கு "ஸ்கிரிப்ட்=டமில்" என்றும் கொடுங்கள். கெ, கொ, ஸ்ரீ, க்ஷ நான்கையும் ஒரு சோதனை அத்தியாயத்தில் வைத்துப் பார்த்தால் உடனே தெரிந்துவிடும். லுவாலாடெக் எடுப்பதானால் இதோடு ரெண்டரர் ஹார்ஃப்பஸ் என்றும் சேர்க்க வேண்டும்.

ஆங்கிலச் சொற்கள் மறைவது, உங்கள் கணினியில் உள்ள எழுத்துருவில் ஆங்கில எழுத்து வடிவங்கள் இல்லாததால். தமிழ் எழுத்துருக்கள் சிலவற்றில் அவை கிடையாது. பாண்டாக் "மிஸ்ஸிங் கேரக்டர்" என்று எச்சரிக்கை மட்டும் கொடுத்துவிட்டு வெற்றி என்றே வெளியேறும், மேக்கும் நம்பிவிடும். இரண்டு மொழிக்கும் வடிவங்கள் உள்ள எழுத்துருவை எடுங்கள். கூடவே பாண்டாக்குக்கு "--ஃபெயில்-இஃப்-வார்னிங்ஸ்" கொடுத்தால் எச்சரிக்கை பிழையாகி மேக் அங்கேயே நின்றுவிடும். அச்சுக்குப் போகும் பிடிஎஃப்புக்கு இதை விடாமல் வைப்பது உத்தமம், வரைவுக்கு வேண்டாம், எரிச்சலூட்டும்.

படப் பாதை பற்றியும் ஒன்று: பாண்டாக் படங்களைத் தேடுவது மார்க்டவுன் கோப்பு இருக்கும் அடைவில் அல்ல, கட்டளை ஓடும் அடைவில். எனவே அத்தியாயத்துக்குள் "வெளி/வரைபடம்.ஜேபிஜி" என்று மேல் அடைவிலிருந்து எழுதியிருக்க வேண்டும்.

---

கட்டளைவரி

$^ பற்றி: அது எல்லாச் சார்புகளையும் தரும், அதில் ஜேபிஜிக்களும் அடக்கம். பாண்டாக் 60 படங்களையும் மார்க்டவுனாக வாசிக்கப் பார்த்துத் திணறுகிறது. $(அத்தி) என்றே வையுங்கள், அல்லது $(ஃபில்டர் %.எம்டி,$^).

ஆப்ஷன் மாற்றியும் ஓடாததற்குக் காரணம், மேக்ஃபைல் என்பது சார்புப் பட்டியலில் இல்லை. சொல்லாததை மேக் ஊகிக்காது. இபப், பிடிஎஃப் இரண்டின் சார்பு வரியிலும், | குறிக்கு இடப்பக்கம், மேக்ஃபைல் என்ற பெயரையும் சேருங்கள். பட விதியில் சேர்க்காதீர்கள், எதைத் தொட்டாலும் 60 படமும் ஓடும். பட அளவை மாற்றும்போது மட்டும் "மேக் துடை" போதும். துடைக்காமல் எல்லாவற்றையும் ஒருமுறை கட்டாயமாக ஓட்ட "மேக் -பி" (பெரிய பி).

இபப்புக்குப் பின்னால் ஒரு சிஎஸ்எஸ், அட்டைப்படம் என்று சேர்ப்பீர்கள். கட்டளையில் சேர்க்கும் அதே கையோடு சார்பிலும் சேருங்கள். மறந்தால் பிழை வராது, பழைய அட்டையோடு நூல் வெளியாகிவிடும்.

எது ஏன் ஓடியது என்று புரியாதபோது "மேக் --ட்ரேஸ்". எந்தச் சார்பு புதியதாக இருந்ததால் எந்த இலக்கு ஓடுகிறது என்று வரி எண்ணோடு சொல்லும். 4.0-இல் வந்தது, ஆகவே ஆப்பிளின் 3.81-இல் இருக்காது.

சார்புகள் சரியானபின் "மேக் -ஜே4" கொடுங்கள். நான்கு படங்கள் ஒரே நேரத்தில் ஓடும், மேக்ஃபைலில் ஓர் எழுத்தும் மாற்ற வேண்டாம். எண்ணை உங்கள் கோர்களின் எண்ணிக்கைக்கு ஏற்ப வையுங்கள், "என்ப்ராக்" அடித்தால் தெரியும். வெறும் -ஜே என்று எண் இல்லாமல் விட்டால் வரம்பே இல்லாமல் 60 கன்வெர்ட்டும் ஒன்றாகக் கிளம்பி நினைவகத்தைத் தின்னும். -ஜே இல்லாமல் ஓடுவது -ஜே கொடுத்தால் உடைந்தால், எங்கோ ஒரு சார்பு எழுதாமல் விட்டுப்போயிருக்கிறது. கருவியைக் குறை சொல்லாமல் அந்த வரியைத் தேடுங்கள்.

---

சிறுபொறி

சேமித்தவுடன் தானாக ஓட வேண்டுமென்றால் "என்டர்" என்று ஒலிக்கும் சிறு கருவி ஒன்று உண்டு (எழுத்து ஈ, என், டி, ஆர், விசையின் பெயரிலுள்ள இரண்டாம் ஈ இதில் இல்லை). "எல்எஸ் மூலம்/*.எம்டி | என்டர் மேக் வெளி/நூல்.இபப்" என்று ஒரு டெர்மினலில் விட்டுவிடுங்கள். இபப்போடு நிறுத்தியிருப்பது வேண்டுமென்றே. ஸீலாடெக் மெதுவானது, ஒவ்வொரு சேமிப்புக்கும் பிடிஎஃப் வேண்டாம். புதிய அத்தியாயக் கோப்பு ஒன்றைச் சேர்த்தால் அது இந்தப் பட்டியலில் இருக்காது, நிறுத்தி மறுபடி தொடங்க வேண்டும்.